தண்ணிப்பால் கிராணியும் பெர்க்சனும்

கொஞ்ச நாளாகச் சிரிப்பைப் பற்றிய புத்தகங்களாகவே தேடிப் படித்துக்கொண்டிருக்கிறேன். துணுக்குத் தொகுப்புகளும் நகைச்சுவைக் கதைகளும் வீட்டில் முன்பே நிறைய உண்டு, இவை வேறு. மனுசர் ஏன் சிரிக்கிறார்கள், யாரோடு சேர்ந்து சிரிக்கிறார்கள், யாரைப் பார்த்துச் சிரிக்கிறார்கள் என்று உட்கார்ந்து யோசித்தவர்கள் எழுதியவை. இந்தத் தேடல் வந்ததற்குக் காரணம் எங்கள் ஊர்தான். ரப்பர்த் தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளில், நான் கேட்டு வளர்ந்த சிரிப்பு, இப்போது நாங்கள் இருக்கும் பட்டணத்துக் குடியிருப்பான தாமானில் இல்லை. அது எங்கே போனது, ஏன் போனது என்று யாராவது எழுதியிருக்கிறார்களா என்று பார்க்க ஆசைப்பட்டேன்.

ஊர் சுங்கை சிப்புட். ஈப்போவிலிருந்து வடக்கே கோலாகங்சார் போகிற வழியில் இருக்கிறது. மலேசிய வரலாற்றுப் புத்தகம் எதைத் திறந்தாலும் எங்கள் ஊர் ஒரு நாளுக்காகத்தான் வரும்: 1948 ஜூன் 16. அன்று இரண்டு தோட்டங்களில் மூன்று ஐரோப்பியத் துரைகள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதைத் தொடர்ந்து அவசரகாலம் அறிவிக்கப்பட்டது. பள்ளியில் படித்தோம், பரீட்சையில் எழுதினோம். அந்தத் தோட்டங்களில் ரப்பர் மரத்தைக் கீறிப் பால் வெட்டியவர்கள் அன்று ராத்திரி என்ன பேசிக்கொண்டார்கள், பயம் தெளிந்த பிறகு முதன்முதலில் எதற்குச் சிரித்தார்கள் என்பது நான் படித்த எந்தப் புத்தகத்திலும் இல்லை. அரசியல் தலைவர் துன் சம்பந்தன் எங்கள் ஊர்க்காரர். தோட்டங்கள் துண்டு துண்டாக விற்கப்பட்ட காலத்தில், தொழிலாளர்கள் பணம் சேர்த்துத் தோட்டம் வாங்குவதற்கென்று 1960-இல் அவர் கூட்டுறவுச் சங்கம் தொடங்கியது எழுதப்பட்டிருக்கிறது. இருக்க வேண்டியதுதான். ஆனால் தோட்டத்து மக்கள் புத்தகங்களில் அழுதவர்களாகவும் போராடியவர்களாகவுமே நிற்கிறார்கள். எனக்குத் தெரிந்த தோட்டத்து மக்கள் நிறையச் சிரித்தவர்கள்.

முதலில் பெர்க்சனைப் படித்தேன். பிரெஞ்சுத் தத்துவ அறிஞர்; சிரிப்பைப் பற்றிய அவருடைய சின்னப் புத்தகம் 1900-இல் வந்தது. உயிருள்ள மனிதர் இயந்திரம்போல நடந்துகொள்ளும்போது நமக்குச் சிரிப்பு வருகிறது என்பது அவர் கொள்கை. தெருவில் ஓடி வருகிறவர் கால் தடுக்கி விழுகிறார்; சுதாரித்து நின்றிருக்க வேண்டும், ஆனால் உடம்பு பழைய வேகத்திலேயே போய்விட்டது; பார்த்தவர்கள் சிரிக்கிறார்கள். இந்தப் பகுதியில் எனக்கு அவ்வளவு மனம் ஒட்டவில்லை. விழுந்தவருக்கு அடிபட்டதா என்றுதான் எங்கள் லயத்தில் முதலில் கேட்பார்கள், சிரிப்பு அப்புறம். என்னைப் பிடித்து நிறுத்தியது அவர் போகிற போக்கில் சொல்லும் ஒரு சின்னக் கதை. தேவாலயத்தில் பிரசங்கம் கேட்டு எல்லாரும் கண்ணீர் விடுகிறார்கள். ஒருத்தர் மட்டும் சும்மா இருக்கிறார். ஏன் அழவில்லை என்று கேட்டால், “நான் இந்தப் பங்கைச் சேர்ந்தவன் இல்லையே” என்கிறார். பங்கு என்றால் அந்தத் தேவாலயத்தைச் சேர்ந்த மக்கள் கூட்டம். அழுகையைவிடச் சிரிப்புக்குத்தான் இது இன்னும் பொருந்தும் என்கிறார் பெர்க்சன். சிரிப்பு எப்போதும் ஒரு கூட்டத்தின் சிரிப்பு. வெளியே நிற்கிறவருக்கு அது கேட்கும், உள்ளே இறங்காது.

எங்கள் தாமானின் கதை இதுதான் என்று தோன்றியது. ரப்பரை அழித்து, எண்ணெய் எடுக்கும் செம்பனை போட்டார்கள். சில தோட்டங்கள் வீட்டுமனையாகின. லயத்து ஆட்கள் பட்டணத்துக்கு வந்தார்கள், நாங்களும் வந்தோம். ஐந்தாறு தோட்டத்து மக்கள் ஒரே வரிசையில் குடியிருக்கிறோம். கல் வீடு, முன்னால் இரும்புக் கதவு, குசினிக்குள்ளேயே குழாய். தகரக் கூரை லயத்துக்குத் திரும்பிப் போக எனக்கு ஆசை இல்லை. மழைக்காலத்தில் அது எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். ஆனால் பக்கத்து வீட்டு அக்கா ஒரு தோட்டம், எதிர்வீட்டுத் தாத்தா வேறொரு தோட்டம். ஒரு கல்யாண விருந்தில் யாரோ அவசர அவசரமாகச் சாப்பிட்டதைப் பார்த்து அம்மா, “நம்ம லோரி சாப்பிடற மாதிரியே இருக்கு” என்று சொல்லிச் சிரித்தார். பக்கத்து வீட்டு அக்கா மரியாதைக்குப் புன்னகைத்தார். லோரி என்பது எங்கள் லயத்தில் ஒருத்தருக்கு வைத்த பெயர் என்று அவருக்கு எப்படித் தெரியும்? அம்மா விளக்கினார். யார், எந்த லயம், ஏன் அந்தப் பெயர் என்று எல்லாம் சொல்லி முடித்தபோது சிரிப்பு ஆறிப்போயிருந்தது. அம்மாவிடம் ஆயிரம் கதை இருந்தது. கேட்டுச் சிரிக்கிற பங்கு கலைந்துவிட்டது.

ராபர்ட் புரொவைன் என்ற அமெரிக்க நரம்பியல் அறிஞர் இதையே எண்ணிக்கையாகத் தருகிறார். 2000-இல் வந்த புத்தகம். ஆய்வுக்கூடத்தில் துணுக்குப் படம் போட்டுக் காட்டுவதை விட்டுவிட்டு, மாணவர்களோடு கடைத்தெருவிலும் பல்கலைக்கழக வளாகத்திலும் நின்று, சனங்கள் தாமாகச் சிரித்த 1,200 சந்தர்ப்பங்களைக் குறித்துக்கொண்டார். சிரிப்புக்கு முன்னால் சொல்லப்பட்ட பேச்சில் துணுக்கு என்று சொல்லும்படி இருந்தது 10 முதல் 20 விழுக்காடுதான். மற்றதெல்லாம் ‘சரி, நான் கிளம்புறேன்’, ‘உங்களைப் பார்த்ததில் சந்தோசம்’ என்கிற மாதிரி சாதாரணப் பேச்சு. தனியாக இருக்கும்போது சிரிப்பதைவிட, கூட ஆள் இருக்கும்போது மனிதர் 30 மடங்கு அதிகம் சிரிக்கிறார்கள் என்றும் கண்டார். மும்பையில் 1995-இல் சிரிப்பு மன்றம் தொடங்கிய மதன் கட்டாரியா என்ற மருத்துவரின் அனுபவமும் இதற்குப் பக்கத்தில் வருகிறது. பூங்காவில் கூடித் துணுக்குச் சொல்லிச் சிரிக்க ஆரம்பித்தார்கள். சீக்கிரமே நல்ல துணுக்குகள் தீர்ந்துபோய், பிறர் மனம் நோகும் துணுக்குகள் வரத் தொடங்கின. அப்புறம்தான் துணுக்கே வேண்டாம், சும்மா கூடி நின்று சிரிப்போம் என்று மாற்றினார்.

துணுக்கு தீரும், கூட இருப்பது தீராது. லயத்தில் தனியாக இருக்க இடமே கிடையாது. விடியுமுன் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களம், பகலில் பால் கொண்டுபோய்க் கொடுக்கும் ஸ்டோர், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக் கொட்டகை, சாயங்காலம் பொதுக் குழாயடியான பைப்படி, ராத்திரி வீட்டு முன் நடையான அஞ்சடி. இந்த ஐந்து இடங்களிலும் பெண்கள் சிரிப்பதைக் கேட்டிருக்கிறேன். தாமானில் இவற்றில் ஒன்றுகூட இல்லை. வீடு கட்டிக் கொடுத்தவர்கள் பைப்படியைப் பற்றி யோசித்திருக்கவே மாட்டார்கள். தண்ணீர் பிடிக்கிற இடம் என்று மட்டும் நினைத்திருப்பார்கள்.

யாரிடம் கேலி பேசலாம், யாரிடம் கூடாது என்பதற்குத் தோட்டத்தில் கறாரான சட்டம் உண்டு. ராட்கிளிஃப்-பிரவுன் என்ற மானுடவியலாளர் 1940-இல் எழுதிய கட்டுரையைப் படித்தபோது அவர் எங்கள் லயத்தில் வந்து உட்கார்ந்து எழுதினாரோ என்று நினைத்தேன். அவர் பேசியது ஆப்பிரிக்கச் சமூகங்களை முன்வைத்து. சில உறவுகளில் ஒருவர் மற்றவரைக் கேலி செய்ய வழக்கம் இடம் கொடுக்கிறது, சிலசமயம் கேலி செய்தே ஆகவேண்டும். கேலிக்கு ஆளானவர் கோபப்படக் கூடாது. வேறு சில உறவுகளில் முகம் பார்த்துப் பேசவே கூச்சப்பட வேண்டும். மருமகன் மாமியாரிடம் ஒதுங்குவதும் மச்சானிடம் கிண்டல் பேசுவதும் ஒரே காரியத்துக்காகத்தான், புதிய உறவு சண்டையில் முறிந்துவிடாமல் பார்த்துக்கொள்ளத்தான் என்கிறார்.

தோட்டத்தில் இது இன்னும் ஒரு படி மேலே போனது. வேறு வேறு ஊரிலிருந்து வந்தவர்கள், இரத்த உறவு இல்லாதவர்கள், பக்கத்து வீடு என்ற ஒன்றைக்கொண்டு முறை வைத்துக்கொண்டார்கள். இவர் மாமா, அவர் அண்ணன், அந்தப் பக்கத்து வீட்டார் சம்பந்தி முறை. முறை முடிவானால் கேலியும் முடிவானது. மாரியம்மன் திருவிழாவின் கடைசி நாள் மஞ்சத்தண்ணி. எங்கள் அத்தை முறை ஒருவர் குடத்தோடு காத்திருந்து, “கொழுந்தனாரே, போன திருவிழாவுக்குக் குளிச்சது, வாங்க!” என்று தலையோடு ஊற்றுவார். புதுச் சட்டை நனைந்து நின்றவர் பதிலுக்கு ஏதாவது சொல்ல வேண்டும், முகம் மட்டும் சுளிக்கக் கூடாது. அடுத்த நிமிடம் அண்ணன் முறை உள்ளவர் வந்தால் அதே அத்தை குடத்தை இறக்கி வைத்துவிட்டு முந்தானையைச் சரிசெய்துகொள்வார். சாவு வீட்டிலும் இதே முறைதான். பகலில் மாரடித்து ஒப்பாரி வைத்த அத்தை, ராத்திரி கடுங்கோப்பி குடித்துக்கொண்டே செத்தவரைப் பற்றிச் சொல்லும் கதைக்கு வீடே சிரிக்கும். செத்தவருக்கு மச்சான் முறை உள்ளவர்கள்தான் முதலில் ஆரம்பிப்பார்கள். மகனும் மகளும் கேட்டுச் சிரிக்கலாம், தாங்களாக ஆரம்பிக்க மாட்டார்கள். அந்தச் சிரிப்பை மரியாதைக் குறைவென்று நினைக்கிறவர்கள் சாவு வீட்டில் ராத்தங்கியிருக்க மாட்டார்கள்.

சரி, பட்டப்பெயருக்கு வருகிறேன். நான் அதிகம் சொல்ல விரும்புவது இதைப் பற்றித்தான்.

அம்மா பால் வெட்டினார். தோளில் சுமக்கும் காண்டாக் கம்பில் இரண்டு வாளி, ஸ்டோருக்கு நடை, அங்கே வரிசை. பால் எத்தனை லிட்டர் என்பதோடு கணக்கு முடியாது. அதில் காய்ந்த ரப்பர் எவ்வளவு தேறும் என்று பார்க்க வேண்டும். அதற்கு மெட்ரோலாக் என்று ஒரு கண்ணாடிக் கருவி. பாலில் மிதக்கவிட்டு, எந்தக் கோடு வரை அமிழ்கிறது என்று பார்த்துச் சொல்வார்கள். பார்ப்பவர் கிராணி, தோட்டத்துக் கணக்கர். அந்தக் கோட்டை வெட்டுக்காரர்கள் குனிந்து பார்க்க முடியாது. கிராணி சொன்னதுதான் கோடு. எங்கள் கிராணி எல்லாருடைய வாளிக்கும் ஒரே வாக்கியத்தைச் சொல்வார்: “பால்ல தண்ணி.” மழை பெய்த நாளிலும் சொல்வார், மண் வெடித்த நாளிலும் சொல்வார். ஒவ்வொரு தடவை அவர் அப்படிச் சொல்லும்போதும் அம்மாவின் சம்பளத்தில் கொஞ்சம் போகும். எதிர்த்துக் கேட்டவர்கள் மறுநாள் வேறு நெரைக்கு, வேறு மர வரிசைக்கு, மாற்றப்பட்டார்கள்.

அவருக்குத் தண்ணிப்பால் என்று பெயர் வந்தது. யார் வைத்தது என்று தெரியாது. ஒரு வாரத்தில் லயம் முழுக்கப் பரவியிருக்கும். அவர் மனைவி கொஞ்சம் பருமன், உறைந்த பாலின் பெயரில் கட்டிப்பால் ஆனார். மகன் எந்நேரமும் அம்மா சேலையைப் பிடித்துக்கொண்டு நிற்பான், அவன் மரத்தில் ஒட்டிக் காயும் பாலின் பெயரில் ஒட்டுப்பால். குடும்பமே ஸ்டோருக்குள் வந்துவிட்டது. கிராணியின் மோட்டார் சத்தம் தூரத்தில் கேட்டதும் வரிசையில் ஒருத்தி சத்தமாக, “ஏய், மழை வர்ற மாதிரி இருக்கு, வாளிய மூடுங்கடி” என்பாள். வானம் பளிச்சென்று இருக்கும். வரிசை முழுக்கத் தோள் குலுங்கும், சத்தம் வராது. அவர் வந்து இறங்கும்போது எல்லாரும் தலை குனிந்து, “வணக்கம் ஐயா.”

ஜேம்ஸ் ஸ்காட் என்ற அமெரிக்க அரசியல் அறிஞர் 1978-லிருந்து 1980 வரை மலேசியாவின் கெடா மாநிலத்தில், மூடா நெல் வயல் பகுதியில், ஒரு மலாய்க் கிராமத்தில் தங்கியிருந்து ஒரு புத்தகம் எழுதினார், 1985-இல் வந்தது. கிராமத்துக்கு செடாக்கா என்று மாற்றுப்பெயர் கொடுத்திருக்கிறார். அறுவடை இயந்திரம் வந்து ஏழைகளின் வேலை போன காலம். வெளியே பார்த்தால் அடங்கி ஒடுங்கிக் கிடந்த அந்த ஏழைகள் முதுகுக்குப் பின்னால் என்ன பேசினார்கள் என்பதுதான் புத்தகம். அதில் நிலத்தையெல்லாம் வளைத்துப்போட்ட ஒரு பணக்கார ஹாஜி வருகிறார். ஊர் அவருக்கு வைத்த பெயர் துடைப்பம். எல்லாவற்றையும் பெருக்கி அள்ளிக்கொண்டு போனவர். நேரில் சலாம், பின்னால் துடைப்பம். படித்ததும் புத்தகத்தை மூடிவிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே இருந்தேன். எங்கள் பேராக் மாநிலத்தில் தமிழ்ப் பெண்கள் வாளியோடு வரிசையில் நின்று செய்ததை, கெடாவில் மலாய் விவசாயிகள் வரப்பில் உட்கார்ந்து செய்திருக்கிறார்கள். ஒருவரை ஒருவர் பார்த்ததுகூட இல்லை.

ஸ்காட் சொல்வதை நான் முழுக்க ஏற்கிறேன்: இந்தப் பட்டப்பெயர் வெறும் பொழுதுபோக்கு இல்லை. கோடு எங்கே இருக்கிறது என்று சொல்லும் உரிமை கிராணியிடம் இருந்தது. அவர் யார் என்று சொல்லும் உரிமையை லயம் தன்னிடம் வைத்துக்கொண்டது. அதனால் கூலி ஒரு காசு கூடவில்லை. ஆனால் ‘பால்ல தண்ணி’ பொய் என்று எல்லாருக்கும் தெரியும் என்பதும், தெரியும் என்பது எல்லாருக்கும் தெரியும் என்பதும் அந்தப் பெயரால்தான் நிலைத்தது.

இதற்கு இன்னொரு பக்கமும் உண்டு. தொல்காப்பியம் மெய்ப்பாட்டியலில் சிரிப்பு எதிலிருந்து பிறக்கிறது என்று நான்கு இடம் சொல்கிறது: எள்ளல், இளமை, பேதைமை, மடன். இதில் எள்ளலுக்கு உரை எழுதும் பேராசிரியர் என்ற பழைய உரையாசிரியர் அதை இரண்டாகப் பிரிக்கிறார். தான் பிறரை எள்ளிச் சிரிப்பது ஒன்று. பிறர் தன்னை எள்ளும்போது தானே சிரிப்பது இன்னொன்று. நான் படித்த வெளிநாட்டுப் புத்தகங்கள் முதலாவதைப் பக்கம் பக்கமாகப் பேசுகின்றன. அடுத்தவர் தாழ்வைக் கண்டதும் நமக்குள் எழும் திடீர்ப் பெருமைதான் சிரிப்பு என்று ஆங்கிலத் தத்துவ அறிஞர் ஹாப்ஸ் 17-ஆம் நூற்றாண்டிலேயே எழுதிவிட்டார். இரண்டாவதை, எள்ளப்பட்டவரின் சிரிப்பை, பேராசிரியர் எடுத்துக்காட்டிய பிறகுதான் நான் கவனித்தேன்.

கவனித்ததும் ஞாபகம் வந்தது. ஒருநாள் வேலையை மேற்பார்க்கும் தண்டல் எல்லார் முன்னாலும் அம்மாவை வாய்க்கு வந்தபடி திட்டினார். பட்டையை ஆழமாக வெட்டி மரத்தைக் காயப்படுத்திவிட்டதாகக் குற்றம். அம்மா சிரித்துக்கொண்டே நின்றார். எனக்கு வெட்கமாக இருந்தது, கோபமாகவும் இருந்தது. வீட்டுக்கு வந்து ஏன் சிரித்தாய் என்று கேட்டேன். “அழுது எதுத்துப் பேசினா மலை நெரைக்குத் தூக்கிப் போட்டுடுவான். சிரிச்சா, ‘போ புள்ள’ன்னு விட்டுடுவான்” என்றார். அந்தச் சிரிப்பும் சிரிப்புதான். எல்லாச் சிரிப்பும் உடம்புக்கு நல்லது என்று எழுதுகிறவர்கள் இதை எந்தப் பக்கத்தில் வைப்பார்கள்?

சிரிப்பை மருந்தாக்கிய புத்தகங்களில் பெயர்பெற்றது நார்மன் கசின்ஸ் 1979-இல் எழுதியது. பத்திரிகை ஆசிரியர், 1964-இல் முதுகுத்தண்டைத் தாக்கும் கடுமையான மூட்டு நோய் வந்தது. மருத்துவமனையை விட்டு ஹோட்டல் அறைக்கு மாறி, நகைச்சுவைப் படங்களைப் போட்டுப் பார்த்தார். பத்து நிமிடம் வயிறு குலுங்கச் சிரித்தால் இரண்டு மணி நேரம் வலியில்லாமல் தூங்க முடிந்தது என்று எழுதியிருக்கிறார். கூடவே வைட்டமின் சி-யும் பெரிய அளவில் ஏற்றிக்கொண்டார். அவர் குணமானதில் எனக்குச் சந்தோசம்தான். ஆனால் ஒரு மனிதரின் அனுபவத்திலிருந்து எத்தனை புத்தகங்கள் கிளம்பி, ‘சிரித்தால் நோய் போகும்’ என்று அடித்துச் சொல்கின்றன! நோய் போகாதவர்கள் போதுமான அளவு சிரிக்கவில்லை என்றா அர்த்தம்?

சின்னம்மாவுக்கு இரண்டு சிறுநீரகமும் போய்விட்டது. வாரத்தில் மூன்று நாள், ஒவ்வொரு தடவையும் நாலு மணி நேரம், இரத்தம் சுத்தம் செய்யும் மையத்தில் படுத்திருக்க வேண்டும். கூட்டிப் போய்க் கூட்டி வருவது நான். வரிசையாக நாற்காலிக் கட்டில்கள், ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் இயந்திரம், பாதிக்கு மேல் நம் ஆட்கள். ஆரம்பத்தில் சின்னம்மா கண்ணை மூடிக்கொண்டே கிடப்பார். ஒருநாள் பக்கத்துக் கட்டிலுக்குப் புதிதாக ஒரு அம்மா வந்தார். பசியாறியாச்சா, பிள்ளைகள் எத்தனை என்று பேச்சு போய், எந்தத் தோட்டம் என்று வந்தது. சின்னம்மா சொன்னார். அந்த அம்மா தலையைத் திருப்பி, “மேல் லயமா, கீழ் லயமா?” என்றார். மேல் லயம். “அப்ப தண்ணிப்பாலத் தெரியுமா?”

சின்னம்மா சிரித்த சிரிப்பில் கை ஆடி, இயந்திரம் கத்த ஆரம்பித்துவிட்டது. மிஸ்ஸி என்று நாங்கள் சொல்லும் மலாய்த் தாதி ஓடிவந்து குழாயைச் சரிபார்த்து, ஆடாமல் இருங்கள் என்று அதட்டினார். அவர் அந்தப் பக்கம் போனதும் அந்த அம்மா மெதுவாக, “மழை வர்ற மாதிரி இருக்கு” என்றார். மறுபடியும் இயந்திரம் கத்தியது. சின்னம்மாவின் இரத்த அளவுகளில் இதனால் ஒரு மாற்றமும் இல்லை, மருந்தும் குறையவில்லை. ஆனால் செவ்வாய்க்கிழமை காலையில் இப்போது எனக்கு முன்னால் அவர் கிளம்பி நிற்கிறார். கலைந்துபோன பங்கில் இரண்டு பேர் அங்கே சந்தித்துக்கொண்டார்கள், அவ்வளவே.

கேலிச்சித்திரக்காரர் லாட் எங்கள் மாநிலத்துக்காரர். கோப்பெங் பக்கத்துக் கம்பத்தில், மலாய்க் கிராமத்தில், கழிந்த தன் பிள்ளைப் பருவத்தை 1979-இல் படப்புத்தகமாக வரைந்தார். ஈயம் தோண்டும் கப்பல், ஆற்றில் குளியல், குர்ஆன் வகுப்பு எல்லாம் அதில் சிரிப்போடு இருக்கிறது. யாரும் அதில் சிறுமைப்படவில்லை. மலாய்க் கம்பத்துக்கு அது கிடைத்தது. ரப்பர்த் தோட்டத்துக்கும் அப்படி ஒன்று வேண்டும் என்று எனக்கு ரொம்ப நாளாக ஏக்கம். நான் வரையத் தெரிந்தவள் இல்லை. பட்டப்பெயர்களைச் சேகரிக்கலாம் என்று ஒரு குறிப்பேடு போட்டேன். பெயர், யாருக்கு, ஏன், யார் வைத்தது என்று நாலு கட்டம்.

சேர்க்கச் சேர்க்கச் சங்கடமும் சேர்ந்தது. தண்ணிப்பால் மாதிரி மேல்நோக்கிப் போன பெயர்கள் குறைவு. கால் சரியில்லாதவருக்கு ஒன்று, கறுப்பாக இருந்த பெண்ணுக்கு ஒன்று, பிள்ளை இல்லாதவளுக்கு ஒன்று என்று பக்கத்திலும் கீழேயும் பாய்ந்த பெயர்களே அதிகம். பின்னாளில் வீடியோ கேசட்டில் வந்த சினிமா நகைச்சுவையும் நிறத்தையும் உடம்பையும் வைத்தே சிரிக்கச் சொன்னது. பள்ளிக்கூடத்தில் அதே வசனத்தைப் பிள்ளைகள் ஒருத்தியைப் பார்த்துச் சொல்வார்கள். “நகையுள்ளும் இன்னா திகழ்ச்சி” என்கிறது குறள், விளையாட்டுக்குக்கூட இகழாதே என்று. அப்படியானால் இவற்றை எழுதுவதா, விடுவதா? எழுதினால் அந்தப் பெயருக்கு இன்னொரு ஆயுள். விட்டால் லயம் இருந்ததைவிட நல்ல இடமாகத் தெரியும்.

சின்னம்மாவிடம் கேட்டேன். கால் சரியில்லாத அந்த மாமாவின் பெயரைச் சொன்னதும் அவர் முகம் மாறியது. “அத எழுதாத. எல்லாரும் சிரிப்போம், அவன் ஒருநாளும் சிரிச்சதில்ல” என்றார். அப்புறம் குறிப்பேட்டில் ஐந்தாவதாக ஒரு கட்டம் போட்டேன்: பெயருக்கு உரியவர் சிரித்தாரா? முறை வைத்துச் சொன்ன பெயர்களில் பெரும்பாலும் ஆம் என்று வருகிறது. இல்லை என்று வரும் இடத்தில், அவர் நமக்குக் கீழே இருந்தவர் என்றால் பெயரை அடித்துவிட்டு, ‘ஒரு பெயர் இருந்தது’ என்று மட்டும் எழுதுகிறேன். மேலே இருந்தவர் என்றால் பெயர் இருக்கட்டும். கிராணிக்குத் தன் பெயர் தெரியுமா என்று சின்னம்மாவுக்கும் தெரியவில்லை. பக்கத்துக் கட்டில் அம்மா, அவருக்குத் தெரியும், ஒட்டுப்பாலே ஒருநாள் வீட்டில் உளறிவிட்டான் என்கிறார். கீழ் லயத்துப் பெயர்கள் முழுவதையும் வியாழக்கிழமை சொல்வதாகச் சொல்லியிருக்கிறார். துரை வீட்டு நாய்க்கு அவர்கள் பக்கம் என்ன பெயர் என்பதையும் கேட்க வேண்டும். எங்கள் பக்கத்தில் அதற்கு இரண்டு பெயர் இருந்தது.